மாலை போட்ட போட்டோவும் 78 நாள் சம்பளமும்

2023 ஜனவரி கடைசி வாரம். நெஞ்சுல ரெண்டு ஸ்டென்ட் வெச்சு ஆஸ்பத்திரிலேர்ந்து வீட்டுக்கு வந்து ஒன்பது நாள் ஆகியிருந்துச்சு. ராத்திரி வழக்கம்போல என் வீட்டுக்காரி டிவி போட்டா, நான் நடிச்சுட்டு இருந்த சீரியல்தான். நான் இல்லாத இந்த பதினஞ்சு நாள்ல கதை எங்க போயிருக்குன்னு பாக்கலாமேன்னு நானும் வந்து உக்காந்தேன். முதல் ஷாட்லயே அந்த வீட்டு ஹால் சுவத்துல என் போட்டோ. சந்தன மாலை போட்டிருக்கு, கீழ ஒரு சின்ன சிவப்பு பல்பு எரியுது. மருமக கேரக்டர் பண்ற பொண்ணு அதுக்கு முன்னாடி நின்னு அழுதுட்டு இருக்கு. எனக்கு யாரும் ஒரு போன் பண்ணல. ஒரு மெசேஜ் கூட இல்ல. என் கேரக்டர் செத்துப்போனது எனக்கு டிவி பாத்துதான் தெரியும். அதை விட கஷ்டம் என்னன்னா அந்த போட்டோ 2018ல திருக்கடையூர்ல எங்க அறுபதாம் கல்யாணத்துல எடுத்தது. ஏதோ சீனுக்கு சுவத்துல மாட்ட ஒரு படம் வேணும்னு அசிஸ்டென்ட் டைரக்டர் பையன் கேட்டான்னு நான்தான் வாட்ஸ்அப்ல அனுப்பி வெச்சேன். பக்கத்துல இருந்த என் மனைவியை வெட்டிட்டாங்க, ஆனா முழுசா வெட்டல, இடது ஓரத்துல அவ கட்டியிருந்த கத்திரிப்பூ கலர் பட்டுப்புடவையோட ஜரிகை ஒரு விரல் அகலத்துக்கு தெரியுது. அவ அதைப் பாத்துட்டா. ஒண்ணும் பேசல, எழுந்து போயி டிவியை ஆஃப் பண்ணிட்டு பூஜை ரூம்ல விளக்கை ஏத்திட்டு அங்கயே ரொம்ப நேரம் உக்காந்திருந்தா.

அன்னிக்கு எனக்கு அந்த சீரியலை எடுத்த கம்பெனி 78 நாள் சம்பளம் பாக்கி வெச்சிருந்துச்சு. நாளுக்கு 5000 ரூபா, மொத்தம் 3 லட்சத்து 90 ஆயிரம். அது என் மனைவிக்கும் தெரியாது, பொண்ணுக்கும் தெரியாது. ஆஸ்பத்திரி பில் கட்டறதுக்கு அவளோட செயினை அடகு வெச்சப்ப கூட, பணம் வரவேண்டியிருக்கு அடுத்த வாரம் வந்துரும்னுதான் சொன்னேன். இந்தத் தொழிலுக்கு இப்ப வர்ற பசங்களும், வயசானப்புறம் நடிக்க வர்ற ரிட்டயர்ட் ஆளுங்களும் இதைப் படிக்கணும்னுதான் எழுதறேன், எனக்கு யாரும் சொல்லல.

நான் எப்படி இங்க வந்தேன்னு கொஞ்சம் சொல்லிடறேன், ஏன்னா தப்பு எங்க ஆரம்பிச்சுதுங்கறது அதுலதான் இருக்கு. 80ல அம்பத்தூர் எஸ்டேட்ல ஒரு கம்பெனில அக்கவுண்ட்ஸ்ல சேந்தேன். சாயங்காலம் ஆனா நாடகம். மயிலாப்பூர் ஆர்.ஆர்.சபா, தி.நகர் வாணி மகால், நாரத கான சபான்னு அப்ப சபா நாடகத்துக்கு நல்ல கூட்டம். எங்க குழு சின்னக் குழு, எனக்கு இருபத்தி ரெண்டு வயசுலயே தலைல பவுடர் போட்டு அப்பா வேஷம் குடுத்துட்டாங்க, குரல் கனமா இருக்குன்னு. எங்களுக்கெல்லாம் கண்ணுக்கு முன்னாடி இருந்தவங்க பூர்ணம் விஸ்வநாதன் சாரும் டெல்லி கணேஷ் சாரும். பூர்ணம் சார் ஆல் இந்தியா ரேடியோல செய்தி வாசிச்சுக்கிட்டே மேடைல நின்னவர். கணேஷ் சார் ஏர்போர்ஸ்ல இருந்துட்டு நாடகத்துக்கு வந்து, 1977ல பாலசந்தர் சார் படத்துல அறிமுகமாகி நூத்துக்கணக்குல படம் பண்ணவர். ஹீரோ ஆகாமயே ஒரு ஆள் ஆயுசு பூரா நடிச்சு சாப்பிட முடியும்ங்கற நம்பிக்கை எங்க தலைமுறைக்கு அவங்களைப் பாத்துதான் வந்துச்சு. 2024 நவம்பர்ல கணேஷ் சார் போன செய்தி கேட்டப்ப சொந்தத்துல ஒரு பெரியவர் போன மாதிரி இருந்துச்சு.

மெட்ராஸ் தூர்தர்ஷன் 1975 ஆகஸ்ட் 15ல ஆரம்பிச்சது. நான் 86ல ஆடிஷன் போயி சேப்பாக்கம் பக்கத்துல சிவானந்தா சாலைல இருக்கற அந்த பில்டிங்ல முதல் தடவை கேமரா முன்னாடி நின்னேன். அப்பல்லாம் சீரியல்னா 13 வாரம், வாரத்துக்கு ஒண்ணு. ஒரு வாரம் ரிகர்சல் பாத்துட்டுதான் ஷூட்டிங். வசனம் மனப்பாடமா இருக்கணும், பக்கத்துலேர்ந்து எடுத்துக் குடுக்கற ப்ராம்ப்டிங் கிடையாது. பணம் கம்மி, ஆனா கான்ட்ராக்ட்னு ஒரு பேப்பர்ல கையெழுத்து வாங்குவாங்க, அதுல எவ்வளவு தொகை, எத்தனை எபிசோடு எல்லாம் இருக்கும். செக் லேட்டா வந்தாலும் வந்துரும். இதை ஏன் அழுத்திச் சொல்றேன்னா, நான் கத்துக்கிட்ட முதல் பழக்கமே பேப்பர் பழக்கம்தான், அதை அப்புறம் நானே விட்டுட்டேன்.

93 தமிழ்ப் புத்தாண்டுக்கு சன் டிவி வந்துச்சு, அடுத்து ராஜ், விஜய், அப்புறம் ஜெயா. 99ல சித்தி சீரியல் வந்தப்புறம் இந்த ஊரே மாறிடுச்சு. வாரத்துக்கு ஒண்ணுங்கறது போயி தினமும் ஒரு எபிசோடு. சாலிகிராமம், வளசரவாக்கம், போரூர் பக்கமெல்லாம் மாடி வெச்ச வீடுங்க ஷூட்டிங் ஹவுஸ் ஆச்சு. எனக்கு மாசத்துல இருபது நாள் வேலை, ரெண்டு சீரியல்ல ரெண்டு பொண்ணுங்களுக்கு அப்பா. 2000ல வேலையை விட்டுட்டேன். என் மனைவி வேணாம்னா, எங்க அண்ணன் வேணாம்னார், நான் கேக்கல. செட்டில்மென்ட்ல வந்த பணம் மூணு வருஷத்துல எங்க போச்சுன்னே தெரியல. முழுநேரமா நடிக்க வர்றவங்களுக்கு இதைச் சொல்லியே ஆகணும். மாசச் சம்பள வேலையை விடறதா இருந்தா, விடறதுக்கு முன்னாடி ஒரு வருஷ வீட்டுச் செலவை தனியா எடுத்து வெச்சுட்டு விடுங்க. இந்தத் தொழில்ல வேலை இருந்தாலும் பணம் கைக்கு வர ரெண்டு மூணு மாசம் ஆகும், வேலையே இல்லாத ஆறு மாசம் எல்லாருக்கும் ஒரு தடவையாவது வரும்.

கேரக்டர் ஆர்டிஸ்ட் வேலைன்னா என்னன்னு வெளில இருக்கறவங்களுக்கு தெரியாது. காலைல ஏழு மணிக்கு கால்னா, அதாவது ஷூட்டிங்குக்கு வரச் சொன்னா, ஆறரைக்கு அங்க இருக்கணும், நம்ம சட்டை வேட்டி நம்மதுதான், கன்டினியூட்டிக்கு, அதாவது சீனுக்கு சீன் உடை பொருந்தி வர்றதுக்கு, மூணு செட் இஸ்திரி போட்டு எடுத்துட்டு போகணும். நம்ம சீன் சாயங்காலம் நாலு மணிக்கு வரும். ஹீரோயின் ரெண்டு பக்க வசனம் பேசுவாங்க, நாம பின்னாடி நின்னு அதைக் கேட்டு முகம் மாறணும், அப்புறம் நமக்கு தனியா ரியாக்ஷன் எடுப்பாங்க, இடது பக்கம் திரும்பி ஒண்ணு, வலது பக்கம் திரும்பி ஒண்ணு, நேரா ஒண்ணு. யாரும் பேசாம, எதிர்ல ஆளே இல்லாம, ஒரு லைட் ஸ்டாண்டைப் பாத்து மக வீட்டை விட்டுப் போறதுக்கு கண் கலங்கணும். இதை நான் சந்தோஷமா செஞ்சிருக்கேன். இன்னிக்கும் ரோட்ல ஒரு அம்மா நிறுத்தி, எங்க அப்பா உங்களை மாதிரியேதான் நிப்பாருன்னு சொன்னா அன்னிக்கு எனக்கு சோறே வேணாம். அதனாலதான் பணம் கேக்கறதுக்கு கூச்சமா இருந்துச்சோ என்னவோ. நடிக்க விடறதே பெருசுன்னு ஒரு நினைப்பு உள்ள இருந்துட்டே இருந்துச்சு, அதை நல்லா தெரிஞ்சுக்கிட்டவங்க இருக்காங்க.

வயசு அறுபதை நெருங்கும்போது அப்பா ரோல் போயி தாத்தா, பெரியப்பா ரோல் வரும். இந்த ரோலுக்கு ஒரு ஆபத்து இருக்கு. சேனல் பட்ஜெட்டை குறைச்சா முதல்ல கைய வெக்கறது இங்கதான். தாத்தா காசிக்குப் போயிடுவார், பெரியப்பா அமெரிக்காவுல இருக்கற மகன் வீட்டுக்குப் போயிடுவார், திரும்பி வரவே மாட்டார். அதனால ஒரு சீரியல் 500 எபிசோடு போகும்னு நம்பி லோன் எடுக்காதீங்க. எனக்குத் தெரிஞ்ச ஒருத்தர் அப்படி வண்டி வாங்கி மூணாவது மாசமே கஷ்டப்பட்டார்.

2020 மார்ச் 19லேர்ந்து ஷூட்டிங் எல்லாம் நின்னுச்சு. மே மாசம் இருபது பேரோட உள்ளரங்கத்துல எடுத்துக்கலாம்னு அரசு சொன்னது, மாசக் கடைசில அறுபது பேர்னு ஆச்சு, ஜூன்ல சென்னைக்கு மறுபடியும் ஊரடங்கு. என்னை மாதிரி வயசானவங்களைக் கூப்பிட கம்பெனிக்காரங்க பயந்தாங்க, அவங்களைத் தப்பு சொல்ல முடியாது. ஒன்றரை வருஷம் எனக்கு வேலையே இல்ல. அந்த சமயத்துல ஹெல்த் இன்சூரன்ஸ் ப்ரீமியம் கட்டாம விட்டேன், பதினோரு வருஷமா கட்டிட்டு வந்த பாலிசி. 2021 கடைசில புதுசா எடுத்தேன். பழைய பாலிசி அறுந்துபோனதால வெயிட்டிங் பீரியட், அதாவது ஏற்கனவே இருக்கற வியாதிக்கு க்ளெய்ம் தராத காலம், மொதல்லேர்ந்து ஆரம்பிச்சுது, எனக்கு பிரஷர் ஏற்கனவே இருந்ததால ஹார்ட் செலவுக்கு க்ளெய்ம் கிடைக்கல. 2 லட்சத்து 40 ஆயிரம் கைலேர்ந்து போச்சு. எதை நிறுத்தினாலும் இதை நிறுத்தாதீங்க. கட்ட முடியலைன்னா கடன் வாங்கியாவது கட்டுங்க, கடைசி தேதி தாண்டினா க்ரேஸ் பீரியட்னு கொஞ்ச நாள் குடுப்பாங்க, அதுக்குள்ளயாவது கட்டிடுங்க.

இப்படி காஞ்சு போயிருந்த நேரத்துலதான் 2021 செப்டம்பர்ல இந்த சீரியல் வந்துச்சு. ஹீரோவோட தாத்தா. மேனேஜர் போன்லயே பேசினார், நாளுக்கு 5000, போக்குவரத்துக்கு 300, மாசம் முடிஞ்சு 45 நாள்ல பேமென்ட், பத்து சதவீதம் டிடிஎஸ் பிடிப்போம்னு, அதாவது சம்பளத்துலயே பிடிச்சு நம்ம பேர்ல கவர்மென்ட்டுக்கு கட்டற வரி. அக்ரிமென்ட் அப்புறம் அனுப்பறேன்னார். நான் சரின்னுட்டேன். அக்ரிமென்ட் வரவே இல்ல, நானும் ரெண்டு தடவை கேட்டுட்டு விட்டுட்டேன். ஒன்பது மாசம் ஒழுங்கா பணம் வந்துச்சு, 95 நாளுக்கு. 2022 ஜூன்லேர்ந்து நின்னுடுச்சு. ஜூலைல கேட்டா சேனல்லேர்ந்து பில் பாஸ் ஆகலம்பார், ஆகஸ்ட்ல கேட்டா ஆடி மாசம் சார் முடியட்டும்பார், செப்டம்பர்ல முதலாளி ஊர்ல இல்லம்பார். நான் கூப்பிட்டப்பல்லாம் போயி நடிச்சுட்டுதான் இருந்தேன். போகலைன்னா கேரக்டரை முடிச்சுருவாங்களேங்கற பயம். இப்ப யோசிச்சா, ரெண்டாவது மாச பாக்கிலயே நிறுத்தியிருந்தா எனக்கு போயிருக்கறது லட்சத்தோட நின்னிருக்கும். ரெண்டு மாசம் பாக்கின்னா மூணாவது மாசம் கால் வர்றப்ப, பழசைக் கொஞ்சமாவது போட்டாதான் வருவேன்னு மரியாதையா சொல்லிடுங்க. சண்டை போட வேணாம், குரல் உசத்த வேணாம், ஆனா சொல்லணும். எபிசோடுகளை முன்கூட்டியே எடுத்து வெச்சுக்காம அன்னன்னிக்கு எடுத்து அன்னன்னிக்கு ஒளிபரப்பற சீரியல்ல நம்ம ஒரு நாள் வராட்டி அவங்களுக்கும் கஷ்டம்தான், அந்த ஒரு பிடிதான் நம்ம கைல இருக்கு. கேரக்டர் முடிஞ்சப்புறம் அதுவும் இருக்காது.

நவம்பர்ல ரொம்ப கேட்டப்புறம் ஒரு செக் குடுத்தாங்க, ஒன்றரை லட்சத்துக்கு, நவம்பர் 15 தேதி போட்டு. குடுக்கும்போதே மேனேஜர் என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "ஐயா, இதை இப்ப பேங்க்ல போட்டுடாதீங்க, அக்கவுண்ட்ல ஃபண்ட் இல்ல, நான் சொல்றப்ப போடுங்க, ரிட்டர்ன் ஆனா உங்களுக்கும் சார்ஜ் பிடிப்பாங்க"ன்னார். எனக்கு நல்லது சொல்ற மாதிரியே இருந்துச்சு. பீரோல வெச்சேன். டிசம்பர் போச்சு, ஜனவரில நான் ஆஸ்பத்திரில, பிப்ரவரி 20 வாக்குல செக்கை எடுத்துப் பாத்தா மூணு மாசம் தாண்டிடுச்சு. செக் தேதிலேர்ந்து மூணு மாசம்தான் செல்லும், முன்ன ஆறு மாசம் இருந்துச்சு, 2012லேர்ந்து மூணுதான், எனக்கு அந்தப் பழைய ஆறு மாசம்தான் மண்டைல இருந்துச்சு. அப்புறம் ஒரு வக்கீலைப் பாத்தேன், நாடகக் காலத்து நண்பரோட மகன், காசு வாங்காம ஒரு மணி நேரம் விளக்கிச் சொன்னார். செக்கை அந்த மூணு மாசத்துக்குள்ள போட்டு, பணம் இல்லாம திரும்பி வந்து, பேங்க் குடுக்கற ரிட்டர்ன் மெமோ கைக்கு வந்த 30 நாளுக்குள்ள எழுத்துல நோட்டீஸ் அனுப்பணும். நோட்டீஸ் போய் சேந்து 15 நாள்ல பணம் தரலைன்னா அதுக்கப்புறம் ஒரு மாசத்துக்குள்ள கோர்ட்ல புகார் குடுக்கலாம், அது க்ரிமினல் கேஸ், அந்த பயத்துலயே பாதிப் பேர் பணம் கட்டிடுவாங்கன்னார். நீங்க போடவே இல்லையே சார், அதனால அந்த வழி அடைஞ்சு போச்சுன்னார். அவர் அதைச் சொன்னப்ப எனக்கு தொண்டை அடைச்சுடுச்சு. யார் கெஞ்சினாலும் சரி, செக் கைக்கு வந்தா அதோட தேதியை ஒரு பேப்பர்ல எழுதி கண்ணுல படற இடத்துல ஒட்டுங்க, ரெண்டாவது மாசம் முடியறதுக்குள்ள பேங்க்ல போட்டுடுங்க. அவர் இன்னொண்ணும் சொன்னார், செக் இல்லாம வெறும் பாக்கின்னா சிவில்ல மூணு வருஷத்துக்குள்ள கேஸ் போடணும், அதுக்குள்ள அவங்க பாக்கி இருக்குன்னு எழுதி கையெழுத்து போட்டுக் குடுத்தா அந்தத் தேதிலேர்ந்து மூணு வருஷம் புதுசா ஆரம்பிக்கும். அதனால பணம் இப்ப இல்லன்னு சொன்னா, சரி சார், இவ்வளவு பாக்கின்னு லெட்டர்ஹெட்ல ஒரு வரி எழுதிக் குடுங்கன்னு கேளுங்க.

மார்ச்சுல ஆபீஸுக்கே நேர்ல போனேன். மாடிப்படி ஏற முடியாம நடுவுல உக்காந்துட்டேன், கம்பெனில வேலை பாக்கற ஒரு பையன் தண்ணி கொண்டு வந்து குடுத்தான். அன்னிக்கு 40,000 போட்டாங்க. அதுக்கப்புறம் போனே எடுக்கல. ஏப்ரல்ல என் மனைவிகிட்ட எல்லாத்தையும் சொல்லிட்டேன். ராத்திரி பதினோரு மணிக்கு, அடுப்படில, லைட் கூட போடாம. அவ என்னைத் திட்டல. "ஏங்க, பத்து மாசமா இதை தனியா வெச்சுக்கிட்டு இருந்ததாலதாங்க நெஞ்சு வலி வந்துச்சு"ன்னு மட்டும் சொன்னா. மறுநாள் அவதான் என்னை நடிகர்களோட சங்கத்துக்கு கூட்டிட்டுப் போனா. இதை நான் 2022 ஆகஸ்ட்லயே செஞ்சிருக்கணும். சங்கத்துல புகார் குடுத்தா கம்பெனிக்காரன் கூப்பிட மாட்டான்னு ஒரு பேச்சு செட்ல ஓடிக்கிட்டே இருக்கும், அதை நம்பி ஏமாந்தேன். கார்டு சந்தா ஒழுங்கா கட்டியிருக்கீங்களான்னுதான் அங்க முதல்ல கேட்டாங்க, நல்லவேளை அதை மட்டும் விடாம கட்டியிருந்தேன்.

சங்கத்துல நாள்வாரியா கணக்கு கேட்டாங்க, எந்தத் தேதி, எந்த ஹவுஸ், எத்தனை மணிலேர்ந்து எத்தனை மணி. நான் 78னு சொன்னேன், கம்பெனி 61தான்னு எழுதிக் குடுத்துச்சு. எங்கிட்ட டைரி இல்ல. வாட்ஸ்அப்ல "நாளைக்கு 7 மணி கால், வளசரவாக்கம்"னு முந்தின நாள் வர்ற மெசேஜ்தான் ஆதாரம், அதுல பாதி கிடைச்சுது, அக்டோபர்ல போன் மாத்தினப்ப அதுக்கு முன்னாடி ரெண்டு மாசத்து மெசேஜ் போயிருந்துச்சு. ரெண்டு நாள் தலையைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். அப்பதான் எங்க தெருமுனைல இஸ்திரி போடறவர் ஞாபகம் வந்துச்சு. ஷூட்டிங்குக்கு முந்தின நாள் மூணு சட்டை மூணு வேட்டி அவர்கிட்டதான் போகும், மாசக் கணக்கு, ஒரு பழைய நாப்பது பக்க நோட்டுல வீடு வீடா எழுதி வெப்பார். போயி கேட்டேன். தள்ளுவண்டிக்கு அடில துணி மூட்டைக்கு நடுவுலேர்ந்து எடுத்துக் குடுத்தார், ஓரமெல்லாம் கரி படிஞ்சு, பென்சில் எழுத்து, "ஷூட்டிங் சார் 3+3"ன்னு தேதியோட. ஆகஸ்ட், செப்டம்பர் ரெண்டு மாசமும் அப்படியே இருந்துச்சு. ஒன்பது நாள் கால் பண்ணவே இல்லன்னு கம்பெனி சொன்ன தேதிக்கெல்லாம் அந்த நோட்டுல முந்தின நாள் சட்டை போயிருந்துச்சு, நோட்டை வெச்சு தேடினதுல அதுல ஆறு தேதிக்கு எபிசோடுல நானே இருக்கறதையும் காட்டினோம். ஒன்பது நாளையும் ஒத்துக்கிட்டாங்க. அவருக்கு நான் என்ன செய்ய முடியும், தீபாவளிக்கு ஒரு சட்டை எடுத்துக் குடுத்தேன், வாங்க மாட்டேன்னார்.

மீதி எட்டு நாள் போச்சு. அது என் கையெழுத்தாலயே போச்சு. ஜூன் மாசம் மேனேஜர் வவுச்சர் நீட்டி, ஆடிட்டிங் வருது சார், கணக்குக்காக கையெழுத்து போட்டுக் குடுங்க, பணம் வாரக் கடைசில வந்துரும்னார். ரெவின்யூ ஸ்டாம்ப் மேல கையெழுத்து போட்டுட்டேன். பணம் பெற்றுக்கொண்டேன்னு அச்சடிச்சிருக்கற பேப்பர்ல நானே கையெழுத்து போட்டுட்டு அப்புறம் வரலைன்னா யார் நம்புவாங்க. பணம் அக்கவுண்ட்ல ஏறாம எந்த வவுச்சர்லயும் கையெழுத்து போடாதீங்க, ரொம்ப கட்டாயப்படுத்தினா "பணம் வரவில்லை"ன்னு உங்க கையாலயே எழுதி அதுக்குக் கீழ போடுங்க, போட்டதை போன்ல ஒரு படம் எடுத்துக்குங்க.

கடைசில 70 நாள்னு முடிவாச்சு, மூன்றரை லட்சம். ஆனா கம்பெனி அதுக்குள்ள சீரியலை முடிச்சுட்டு வேற பேர்ல வேலை பாத்துட்டு இருந்துச்சு, முழுசா வாங்கணும்னா கோர்ட்டுக்குப் போகணும், அதுக்கு எத்தனை வருஷம்னு யாராலயும் சொல்ல முடியல. 1 லட்சத்து 80 ஆயிரம் ரெண்டு தவணைல தர்றோம்னாங்க. என் உடம்பு இருந்த நிலைமைல ஒத்துக்கிட்டேன். 2023 நவம்பர்ல ரெண்டாவது தவணையும் வந்துச்சு. முதல்ல வந்த 40,000த்தோட சேத்தா 2 லட்சத்து 20 ஆயிரம். 1 லட்சத்து 70 ஆயிரம் போனது போனதுதான், அடகு வட்டி 31,000 தனி.

இதோட முடிஞ்சுதுன்னு பாத்தா டிடிஎஸ். அவங்க பணம் குடுத்த 95 நாளுக்கு பத்து சதவீதம் பிடிச்சாங்கல்ல, அதுல 2021 கடைசி வரைக்கும் உள்ள 40 நாளோட 20,000தான் கவர்மென்ட்டுக்கு கட்டியிருக்காங்க, 2022 ஜனவரிலேர்ந்து மே வரைக்கும் 55 நாளுக்கு பிடிச்ச 27,500 கட்டவே இல்ல. ரிட்டர்ன் ஃபைல் பண்ண ஆடிட்டர் ஃபார்ம் 26ஏஎஸ், அதாவது நம்ம பேர்ல கவர்மென்ட்டுக்கு கட்டின வரியோட கணக்கு, அதை எடுத்துப் பாத்துட்டுதான் சொன்னார். நம்ம வருமானத்துக்கு வருஷக் கடைசில அந்தப் பணம் ரீஃபண்டா திரும்பி வரவேண்டியது. அவங்க பிடிச்சதுக்கு ஆதாரம் இருந்தா, கட்டாத வரியை உங்ககிட்ட கேக்கக் கூடாதுன்னு சட்டம் இருக்கு, ஆனா அவங்க கட்டாத பணத்தை ரீஃபண்டா வாங்கறது பெரிய போராட்டம்னார். நான் விட்டுட்டேன், தெம்பில்ல. நீங்க இன்கம்டாக்ஸ் வெப்சைட்ல உங்க பான் நம்பரை வெச்சு லாகின் பண்ணி மூணு மாசத்துக்கு ஒருதடவை 26ஏஎஸ் பாத்துடுங்க. ஜூலை, அக்டோபர், ஜனவரி, மே மாசக் கடைசிக்குள்ள அவங்க டிடிஎஸ் கணக்கு குடுத்தாகணும், அதுக்கப்புறம் ரெண்டு வாரம் கழிச்சும் உங்க பேர்ல ஏறலைன்னா கம்பெனி தடுமாறுதுன்னு அர்த்தம். எனக்கு 2022 ஜூன் மாசமே அது தெரிஞ்சிருக்கும். சம்பளம் நிக்கறதுக்கு முன்னாடியே அந்த வெப்சைட்ல எழுதியிருந்துச்சு, நான்தான் பாக்கல.

அந்த போட்டோ விஷயம். அது சீரியல் முடியற வரைக்கும், கிட்டத்தட்ட எட்டு மாசம், சுவத்துலயே இருந்துச்சு. கல்யாண சீன், சண்டை சீன், எல்லாத்துலயும் பின்னாடி நான் மாலையோட. எங்க சொந்தத்துல ஒரு பெரியம்மா ஊர்லேர்ந்து போன் பண்ணி என் மனைவிகிட்ட அழுதாங்க, சீரியல்னு தெரிஞ்சும். கேரக்டர் சாகறது தொழில்ல சகஜம், நான் அதுக்கு முன்னாடி நாலு தடவை திரைல செத்திருக்கேன், ஒவ்வொரு தடவையும் டைரக்டர் கூப்பிட்டு சொல்லிட்டு, போட்டோவுக்குன்னு தனியா மேக்கப் போட்டு எடுத்து, எடுத்து முடிச்சதும் பூசணிக்காய் சுத்தி, கைல ஒரு நூறு ரூபா வெச்சு, "நல்லா இருங்க சார்"னு சொல்லி அனுப்புவாங்க. அதுல ஒரு மரியாதை இருந்துச்சு. இந்தத் தடவை அது இல்ல, அதுதான் பணத்தை விட என்னை ரொம்ப நாள் தூங்க விடல. இப்ப நான் எந்த அக்ரிமென்ட்லயும், இல்ல போன்ல பேசிட்டு நானே அனுப்பற மெசேஜ்லயும், மூணு விஷயம் எழுதிடறேன். நாளுக்கு எவ்வளவு, எத்தனை நாள்ல பணம், கேரக்டர் முடிஞ்சா முன்கூட்டி சொல்லணும், என் படத்தை மாலை போட்டு வெக்கறதா இருந்தா கேட்டுட்டுதான் வெக்கணும்னு. எண்ணினா நாலு ஆகுது, பரவால்ல. "நேத்து போன்ல பேசினபடி"ன்னு ஆரம்பிச்சு வாட்ஸ்அப்ல ஒரு மெசேஜ் போட்டு, அவங்க "ஓகே சார்"னு போட்டாலே நாளைக்கு சங்கத்துல காட்ட ஒண்ணு இருக்கும். குடும்பப் படத்தை செட்டுக்கு அனுப்பவே அனுப்பாதீங்க. தனியா ஒரு ஸ்டுடியோ படம் இருநூறு ரூபாக்கு எடுத்து அதுக்குன்னே வெச்சுக்குங்க.

நவம்பர்ல ரெண்டாவது தவணை செக் வாங்கப் போனப்ப அந்த ஃப்ரேமைக் கேட்டேன். செட் சாமான் போட்டு வெச்சிருந்த ரூம்லேர்ந்து ஆர்ட் டிபார்ட்மென்ட் பையன் தூசி தட்டி எடுத்துட்டு வந்தான், "அப்பா, மாலையை கழட்டிட்டேன்"னு சொல்லித்தான் குடுத்தான். செக்கை அன்னிக்கே பேங்க்ல போட்டேன். வீட்டுக்கு வந்ததும் என் மனைவி ஃப்ரேமை பிரிச்சு உள்ள இருந்த படத்தை எடுத்துட்டு, திருக்கடையூர் படத்தை முழுசா, ரெண்டு பேரும் இருக்கறதை, கோடம்பாக்கத்துல பிரிண்ட் போட்டுட்டு வந்து அதே ஃப்ரேம்ல வெச்சு ஹால்ல மாட்டிட்டா.

இப்ப வேற ஒரு சீரியல்ல இருக்கேன், மாசம் ஏழு எட்டு நாள், பக்கத்து வீட்டுப் பெரியவர் வேஷம். பணம் போன மாசம் வரைக்கும் வந்திருக்கு. நாளைக்கு முகலிவாக்கத்துல காலைல ஏழு மணி கால். சட்டை மூணும் வேட்டி மூணும் இஸ்திரிக்குப் போயிருக்கு, எட்டு மணிக்கு மேல போயி வாங்கிட்டு வரணும், அப்படியே அவர் நோட்டுல தேதியையும் ஒரு படம் எடுத்துக்கணும்.